பத்தால் வகுக்கவும்

ஜனவரி 5
மூன்றாம் கிரேன், மேகங்களுக்குச் சற்றுக் கீழே

அன்பு மருமகளுக்கு,

உன் கவர் வந்து சேர்ந்தது. கவர் என்று சொன்னால் அதற்கு அவமானம். அது தலையணை. தபால்காரர் அதை இரண்டு கையாலும் ஏந்திக்கொண்டு, பிரசவ வார்டிலிருந்து குழந்தையைத் தூக்கி வருகிறவர் போல என்னிடம் நீட்டினார். "என்ன குழந்தை?" என்று கேட்காததுதான் பாக்கி. பிரித்துப் பார்த்தேன். வங்கியின் ஜாமீன் படிவம். உன் வீட்டுக்கடனுக்கு நான் ஜாமீன்.

நான் கையெழுத்துப் போடவேண்டிய இடங்களில் எல்லாம் மஞ்சள் சீட்டு ஒட்டி அனுப்பியிருக்கிறாய். இந்தத் துறைமுகத்தில் அடிக்கிற காற்றுக்கு அத்தனை சீட்டும் ஒரே சமயத்தில் படபடத்ததில், படிவம் சிறகு முளைத்துக் கிளம்பிவிட்டது. இன்னும் ஒரு நொடி விட்டிருந்தால் உன் கடன் அடுத்த நாட்டில் போய் இறங்கியிருக்கும். டீ பிளாஸ்கை மேலே வைத்துக் காப்பாற்றினேன். நன்றி சொல்ல வேண்டாம்.

இன்று காற்று அதிகம் என்று கப்பல் வேலையை நிறுத்திவிட்டார்கள். கீழே இறங்கி மறுபடி ஏறுவதற்குள் என் முட்டி இரண்டும் ராஜினாமா கடிதம் கொடுத்துவிடும். அதனால் இந்தக் கண்ணாடிக் கூண்டிலேயே உட்கார்ந்து படிவத்தை முழுசாகப் படித்தேன். ஆமாம், படித்தேன். மாமா படிக்காமல் போட்டுத் தள்ளிவிடுவார் என்றுதானே மஞ்சள் சீட்டு ஒட்டினாய்?

கடன் முப்பது வருஷம். எனக்கு இப்போது வயது ஐம்பத்தெட்டு. அதாவது எண்பத்தெட்டு வயதுவரை நான் சாகக்கூடாது என்று ஒரு வங்கி எனக்கு உத்தரவு போடுகிறது. என்னைப் பெற்றவர்கள்கூட என் ஆயுள்மேல் இவ்வளவு நம்பிக்கை வைத்ததில்லை. எண்பத்தேழில் எனக்கு நெஞ்சு வலி வந்தால், ஆம்புலன்ஸுக்கு முன்னால் வங்கி அதிகாரி வந்து நெஞ்சைத் தேய்த்துவிடுவார்.

இன்னொன்றும் தெரிந்துகொள். முப்பது வருஷம் நீயும் மாப்பிள்ளையும் கட்டப்போகிற பணத்தில் மூன்று வீடு வரும். ஒன்றில் நீங்கள் இருப்பீர்கள். இரண்டாவதில் வங்கி மேனேஜர் குடியிருப்பார். மூன்றாவதில் மேனேஜருடைய நாய் குடியிருக்கும், ஏசி போட்டுக்கொண்டு.

ஒரே ஒரு கேள்வி. நான் ஒரு பெட்டியைத் தூக்குவதற்கு முன்னால் கிரேன் அதன் மொத்த எடையைத் திரையில் காட்டும். எடை தெரியாமல் நான் கொக்கி மாட்டுவதில்லை. உன் படிவத்தை மேலும் கீழும் புரட்டிவிட்டேன். மாதத்துக்கு எவ்வளவு என்று கொட்டை எழுத்தில் இருக்கிறது. மொத்த எடை எங்கும் இல்லை. அதை எழுதி அனுப்பு. பேனா திறந்தபடியே காத்திருக்கிறது.

இப்படிக்கு,
மூன்றாம் கிரேனின் முடிசூடா மன்னன்,
உன் மாமா


ஜனவரி 11

மாமா,

போனில் பேச வேண்டாம், எழுதுங்கள் என்று நான் ஏன் சொன்னேன் என்பதை இன்னொரு தடவை சொல்கிறேன். போனில் நீங்கள் பேசுவீர்கள், நான் 'ம்' கொட்டுவேன், கடைசியில் "சிக்னல் போச்சும்மா" என்பீர்கள். போன மாதம் ஜாமீன் என்ற வார்த்தையை நான் எடுத்ததுமே சிக்னல் போனது. காகிதத்தில் சிக்னல் போகாது.

உங்கள் கடிதத்தை அவரும் படித்தார். நாய் வரும் இடத்தில் சிரித்தார். பிறகு, "உங்க மாமா போடமாட்டார்னு நாசூக்கா சொல்றாரு, இது கூடவா புரியல உனக்கு?" என்றார். எனக்கு அதற்கப்புறம் சிரிப்பு வரவில்லை.

நம் வீட்டுச் சட்டம் உங்களுக்குத் தெரியும். அம்மா போட்டது. "உங்க மாமன் என்ன சொன்னாலும் பத்தால வகுத்துக்கோ." நீங்கள் பார்த்த பாம்பு முப்பது அடி. போட்டோவில் மூன்று அடிதான் இருந்தது. புயலில் கிரேன்மேல் நாற்பது மணி நேரம் மாட்டிக்கொண்டீர்கள். அத்தையிடம் கேட்டால் நான்கு மணி நேரம். உங்கள் கல்யாணத்துக்கு வந்தவர்கள் ஐயாயிரம் பேர். அம்மா பந்தியில் எண்ணியது ஐந்நூறு. இந்தச் சட்டம் இதுவரை ஒரு தடவைகூடப் பொய்த்ததில்லை.

அதனால் உங்கள் மூன்று வீட்டையும் பத்தால் வகுத்தேன். ஒரு வீட்டில் மூன்றில் ஒரு பங்குக்கும் குறைவு. முப்பது வருஷத்துக்கு அவ்வளவுதான் கூடுதல் செலவு என்றால் நியாயம்தான் என்று அவரும் சொல்கிறார். மாதத் தவணை இப்போது கொடுக்கிற வாடகையைவிடக் கொஞ்சம்தான் அதிகம். வாடகை போனால் போனதுதான். தவணை நம் வீட்டுக்குள் போகிறது. இதில் எடை பார்க்க என்ன இருக்கிறது?

பிப்ரவரி பத்தாம் தேதிக்குள் வங்கியில் எல்லாம் முடிய வேண்டும். இல்லாவிட்டால் கட்டடக்காரர் வீட்டை வேறு ஆளுக்குக் கொடுத்துவிடுவார். நாங்கள் கட்டிய முன்பணமும் திரும்பி வராது.

இங்கே எப்படி இருக்கிறோம் என்று நீங்கள் வந்து பார்த்ததில்லை. மாடியில் வீட்டுக்காரர். குழாயைத் திறந்தால் மேலே காலடிச் சத்தம் நின்றுவிடும், காது கொடுத்துக் கேட்கிறார். சுவரில் ஆணி அடிக்கக் கூடாது. வருஷத்துக்கு ஒரு தடவை வந்து, குதிரை வாங்குகிறவர் மாதிரி சுவரை உள்ளங்கையால் தடவிப் பார்ப்பார். அம்மா படத்தை பிரிட்ஜ்மேல் சாய்த்து வைத்திருக்கிறேன். பிரிட்ஜ் கதவைக் கொஞ்சம் வேகமாகச் சாத்தினாலும் அம்மா குப்புற விழுந்துவிடுகிறாள். ஒவ்வொரு தடவையும் தூக்கி நிறுத்துகிறேன். இந்த ஐந்து வருஷமாக நான் செய்கிற வேலை அதுதான்.

எனக்கு என் சுவரில் ஓர் ஆணி அடிக்க வேண்டும். அதற்குத்தான் வீடு.

போட விருப்பமில்லை என்றால் நேராகச் சொல்லிவிடுங்கள். நாயை எல்லாம் நடுவில் கொண்டுவர வேண்டாம்.

உங்கள் மருமகள்


ஜனவரி 16
மூன்றாம் கிரேன்

என் அக்கா பெற்ற சட்ட நிபுணரே,

உன் கடிதத்தைப் படித்ததிலிருந்து இங்கே கடல் பத்தடி உள்வாங்கிவிட்டது. சரி, ஓரடி.

அக்கா எனக்கு விட்டுப்போன ஒரே சொத்து அந்தச் சட்டம். அவள் போன பிறகும் அமலில் இருக்கிறது. நான் இந்த உலகத்தில் என்ன பேசினாலும் பத்தில் ஒன்பது பங்கைச் சுங்கத்தில் பிடித்துக்கொள்கிறார்கள். மிச்ச ஒரு பங்கில்தான் நான் குடும்பம் நடத்துகிறேன். அதனால்தானே பத்து மடங்கு ஏற்றிப் பேச வேண்டியிருக்கிறது? இதை யாரும் யோசிப்பதில்லை.

அவள் குப்புற விழுகிறாள் என்று எழுதியிருந்தாய். அந்த வரியில் கொஞ்ச நேரம் நின்றுவிட்டேன். கீழே நின்று எனக்குக் கைகாட்டுபவர் இரண்டு தடவை கொடி ஆட்டிய பிறகுதான் தெரிந்தது, என் கொக்கி காற்றில் சும்மா தொங்கிக்கொண்டிருக்கிறது என்று.

இப்போது கவனமாகக் கேள். அந்த மூன்று வீட்டை மட்டும் வகுக்காதே.

நிரூபணம் கேட்பாய். என்னிடம் இல்லை. மூன்று என்பது என் வாயில் தானாக வந்தது. இரண்டு என்று எழுதினேன், சப்பென்று இருந்தது. நான்கு என்றால் நாய்க்கு அப்புறம் யாரைக் குடிவைப்பது என்று தெரியவில்லை. அதனால் மூன்று. ஆனால் எழுதி முடித்த பிறகு அது என்னை விடவில்லை. காலணிக்குள் கல் மாதிரி இருக்கிறது. கைகாட்டுபவரும் வீட்டுக்கடன் வாங்கியவர்தானே என்று கேட்டேன்.

"மொத்தமா எவ்வளவு கட்டுவே?"

"அண்ணே, அதை மட்டும் கேட்காதீங்க. மாசாமாசம் பார்த்தாத்தான் மனுஷன் உயிரோட இருக்க முடியும். மொத்தமா பார்த்தா சாப்பாடு இறங்காது."

"பார்த்ததே இல்லையா?"

"ஒரு தடவ பார்க்கலாம்னு உட்கார்ந்தேன். வீட்டம்மா கால்குலேட்டரைப் புடுங்கி ஒளிச்சு வெச்சிட்டா."

நான் பார்த்தவர்களிலேயே தைரியசாலி அவர். கால் டன் கொக்கி தலைக்கு மேல் ஆடும்போது அசையாமல் நிற்கிறவர். அவரே பயப்படுகிற ஒரு கணக்கு இருக்கிறது என்றால் என் மூன்று அவ்வளவு தூரத்தில் இல்லை என்று தோன்றுகிறது.

நீ நேராக வங்கிக்குப் போ. மாப்பிள்ளையையும் கூட்டிக்கொண்டு போ. ஒரே ஒரு கேள்வி கேள். மாதத்துக்கு எவ்வளவு என்று அல்ல. எல்லா மாதத்துக்கும் சேர்த்து எவ்வளவு. பதில் மூன்றில் ஒரு பங்குதான் என்றால் நான் இனி ஆயுளுக்கும் வாயைத் திறப்பதில்லை. திறந்தாலும் வானிலை மட்டும்தான் பேசுவேன்.

படிவம் இன்னும் பிளாஸ்குக்கு அடியில்தான் இருக்கிறது. போடமாட்டேன் என்று நான் சொல்லவில்லை. நாய் சத்தியமாகச் சொல்லவில்லை.

உன் மாமா


ஜனவரி 22

மாமா,

'வகுக்காதே' என்று எழுதியதையும் பத்தால் வகுத்துவிட்டுத்தான் வங்கிக்குப் போனேன். உங்களைப் பொய்யாக்க வேண்டும் என்று போனேன். அதை முதலில் சொல்லிவிடுகிறேன்.

அவர் பஸ் டிப்போவிலிருந்து யூனிபாரத்தோடு நேராக வந்திருந்தார். அதிகாரி சின்னப் பையன் மாதிரி இருந்தார், நல்ல டை கட்டியிருந்தார். உட்கார்ந்ததுமே கேட்டேன்.

"மொத்தமா எவ்வளவு கட்டுவோம்?"

"மாசத்துக்கு இவ்வளவுதான் மேடம். உங்க சம்பளத்துக்கு வசதியாவே இருக்கும்."

"மாசத்துக்கு இல்ல. எல்லா மாசத்துக்கும் சேர்த்து."

"சாதாரணமா யாரும் அதைக் கேட்கறதில்ல மேடம்."

"பரவாயில்ல. நான் கேட்கறேன்."

அவர் கம்ப்யூட்டரில் ஏதோ தட்டினார். பார்த்தார். திரையை எங்கள் பக்கம் திருப்பலாமா வேண்டாமா என்று கொஞ்சம் யோசித்தார். பிறகு திருப்பினார்.

நூறு கடன் வாங்கினால் முப்பது வருஷத்தில் கட்டுவது இருநூற்றுத் தொண்ணூறு. காப்பீடு, பத்திரச் செலவு, வருஷா வருஷம் கட்டடத்துக்குக் கொடுக்கவேண்டியது, இதையெல்லாம் சேர்த்தால் முந்நூறைத் தாண்டிவிடும். "இதெல்லாம் வட்டி இப்படியே ஒன்பது சதவீதத்துல நின்னா" என்று கடைசியில் குரலைத் தாழ்த்திச் சொன்னார்.

வீட்டு விலையைக் கிட்டத்தட்ட முழுசாகவே நாங்கள் கடனாக வாங்குகிறோம். கையில் இருந்தது முன்பணத்துக்கும் பதிவுக்குமே போய்விட்டது. ஆகவே மூன்று வீடு, மாமா. நீங்கள் சொன்னது அதிகமில்லை. கொஞ்சம் குறைவு.

இன்னொன்றும் கேட்டேன். முதல் தவணையில் நூறு ரூபாய் கொடுத்தால் அதில் எவ்வளவு வீட்டுக்குப் போகும்? ஏழு. தொண்ணூற்று மூன்று வட்டி. பத்து வருஷம் ஒரு மாதம் விடாமல் கட்டிய பிறகு எவ்வளவு கடன் பாக்கி இருக்கும்? நூற்றில் எண்பத்தொன்பது. நான் தப்பாகக் கேட்டுவிட்டேன் என்று நினைத்து மறுபடி கேட்டேன். எண்பத்தொன்பது. பத்து வருஷத்தில் வாங்கிய கடன் அளவுக்கே கட்டியிருப்போம், அப்போதும் கடன் அப்படியே உட்கார்ந்திருக்கும். நான் ஐந்து வருஷமாகச் சொல்லிக்கொண்டிருந்தேன், வாடகை போனால் போனதுதான், தவணை வீட்டுக்குள் போகிறது என்று. வீட்டுக்குள் ஏழுதான் போகிறது.

வெளியே வந்து பஸ் ஸ்டாப்பில் நின்றோம். அவர் ஓட்டுகிற வழித்தட பஸ்ஸே வந்தது. ஏறவில்லை. அடுத்ததும் வந்தது.

"உங்க மாமாவுக்கு வாய் முகூர்த்தம் சரியில்ல" என்றார்.

"அவர் சொன்னதால வட்டி ஏறல."

"சொல்லாம இருந்திருந்தா நிம்மதியா இருந்திருப்போம்ல?"

"முப்பது வருஷமா?"

மூன்றாவது பஸ்ஸில் ஏறினோம். வீட்டுக்கு வந்து கதவைச் சாத்தியதில் அம்மா விழுந்தாள். யார் எடுப்பது என்று இரண்டு பேரும் பார்த்துக்கொண்டு நின்றோம்.

நேற்று வேலையில் ஒருவருக்குப் பல்செட் செய்தேன். முடித்துக் கையில் எடுத்துப் பார்த்தால், இரண்டு பக்கமும் இடது பக்கக் கோரைப்பல்லாக வைத்திருக்கிறேன். பல் செய்ய வந்த நாளிலிருந்து நான் அப்படிச் செய்ததில்லை. ஒரு இடத்தில் உட்கார முடியவில்லை. உட்கார்ந்தால் எழுந்துவிடத் தோன்றுகிறது, எழுந்தால் எங்கே போவது என்று தெரியவில்லை. விட்டுவிட்டால் முன்பணம் போகிறது. வாங்கினால் முப்பது வருஷம் போகிறது.

உங்கள்மேல் கோபமாகவும் இருக்கிறது. இவ்வளவு பெரிய விஷயத்தை நாயை வைத்தா சொல்வார்கள்? எனக்கு எப்படித் தெரியும், இது மட்டும் உண்மை என்று?

உங்கள் மருமகள்


ஜனவரி 26
மூன்றாம் கிரேன், தலை குனிந்த நிலையில்

மருமகளே,

என் வாழ்க்கையில் இப்படி ஓர் அவமானம் நடந்ததில்லை.

ஐம்பத்தெட்டு வருஷமாக நான் எதைச் சொன்னாலும் உண்மை எனக்குப் பத்தடி பின்னால்தான் மூச்சு வாங்கிக்கொண்டு வரும். திரும்பிப் பார்த்துச் சிரித்துவிட்டுப் போவேன். முதல் தடவையாக ஒரு வங்கி என்னை முந்திவிட்டது. வாய்க்கு வந்தபடி அடித்துவிட்டேன், அது போதவில்லை. இனி நான் எந்த முகத்தை வைத்துக்கொண்டு பாம்பைப் பற்றிப் பேசுவது? டை கட்டிய ஒரு பையன், முகத்தில் ஒரு சுருக்கம் இல்லாமல், என்னைவிடப் பெரிய கதையைத் திரையில் வைத்திருக்கிறான். அவன் கதைக்குக் கீழே அச்சடித்துக் கையெழுத்தும் வாங்குகிறார்கள்.

பத்து வருஷம் கழித்து என்னை அந்த வீட்டுக்குக் கூப்பிட்டால் நான் எங்கே உட்காருவேன் என்று கணக்குப் போட்டேன். பத்தில் ஒரு பங்குதான் உங்களுடையது என்றால் அது குளியலறையாகத்தான் இருக்கும். நான் வாளியைக் கவிழ்த்துப் போட்டு உட்காருகிறேன். நீ கதவு வழியாகத் தட்டை நீட்டு. கூடத்தில் மேனேஜர் கால் நீட்டிப் படுத்திருப்பார், அவரை மிதித்துவிடாமல் வா.

சிரிப்பு வருகிறதா? எனக்கு வரவில்லை. நேற்று ஒரு பெட்டியை லாரிமேல் கொஞ்சம் பலமாக இறக்கிவிட்டேன். டிரைவர் இறங்கி வந்து மேலே பார்த்து எதையோ சொன்னார். உயரத்தில் காது கேட்காது என்பதற்காகக் கடவுளுக்கு நன்றி சொன்னேன்.

நாயை வைத்து ஏன் சொன்னேன் என்று கேட்டிருக்கிறாய். எனக்கு வேறு மாதிரி சொல்ல வராது. சாவு வீட்டிலும் நான் இப்படித்தான் பேசுவேன், உனக்கே தெரியும். அக்கா ஆஸ்பத்திரியில் இருந்தபோது, டாக்டர் சொன்னதை நான் எப்படி அவளிடம் போய்ச் சொன்னேனோ அப்படித்தான் உன்னிடமும் சொன்னேன். அவள் பத்தால் வகுத்துக்கொண்டு சிரித்தாள். அன்றைக்கு அது நல்லதாகப் போனது. இன்றைக்கு அப்படிப் போகவில்லை.

எனக்கு யோசனைகள் வராமல் இல்லை. துறைமுகத்தில் அடிவாங்கிய காலிப் பெட்டி ஒன்று கிடக்கிறது, நான்கு சுவரும் இரும்பு, வாடகை கிடையாது. ஆணிதான் இறங்காது, வெல்டிங் வைத்து அக்காவை ஒட்ட வேண்டும். அது வேண்டாம் என்றால் கட்டடக்காரரிடம் போய், எங்களுக்கு முழு வீடு வேண்டாம், ஒரு சுவரை மட்டும் விலைக்குக் கொடு என்று கேள். ஆணி அடிக்க ஒரு சுவர் போதுமே. மிச்சத்தை அவரே வைத்துக்கொள்ளட்டும்.

இதோடு படிவம் வைத்திருக்கிறேன். மஞ்சள் சீட்டு ஒட்டிய எல்லா இடத்திலும் கையெழுத்துப் போட்டுவிட்டேன். ஒட்டாத இடத்திலும் ஒன்று போட்டேன், உற்சாகத்தில். முப்பது வருஷம் என்று நீங்கள் முடிவு செய்தால் எண்பத்தெட்டு வரை இருந்து தொலைக்கிறேன். காலையில் முட்டைக்கரு சாப்பிடுவதை இன்றிலிருந்தே நிறுத்திவிட்டேன். வேண்டாம் என்று முடிவு செய்தால் படிவத்தைக் கிழித்துப் போடு, முன்பணம் போனதைப் பற்றி நான் ஆயுளுக்கும் ஒரு வார்த்தை கேட்கமாட்டேன்.

முடிவு உங்களுடையது. மாமன் போடமாட்டான் என்று மாப்பிள்ளை நினைத்துவிடக் கூடாது. அதற்குத்தான் முதலில் இது.

உன் மாமா


பிப்ரவரி 4

மாமா,

கையெழுத்துக்கு நன்றி. அவரிடம் காட்டினேன். ஒவ்வொரு பக்கமாகத் திருப்பிப் பார்த்துவிட்டு, "இங்க எதுக்கு போட்டாரு?" என்று சீட்டு ஒட்டாத இடத்தைக் காட்டினார். அப்புறம் பத்திரமாகக் கவரில் வைத்தார்.

சுவரை மட்டும் விலைக்குக் கேள் என்று எழுதியிருந்தீர்கள். அதை அவருக்கு வாய்விட்டுப் படித்துக் காட்டினேன். அவர் சிரிக்கவில்லை. நானும் சிரிக்கவில்லை. ஆனால் அந்த வரி என்னை விடவில்லை. கட்டடக்காரர் கொடுத்த விலைத்தாளை எடுத்து வைத்துக்கொண்டு, இதில் எது சுவர், எது சுவர் இல்லை என்று பார்க்க ஆரம்பித்தேன்.

கூடத்துக் கூரைக்குக் கீழே இன்னொரு அழகுக் கூரை. அது சுவர் இல்லை. சமையலறையில் பளபளப்பான அலமாரிகள், இழுத்தால் சத்தம் வராது என்று விற்பனைப் பெண் பத்து தடவை இழுத்துக் காட்டினாள். சுவர் இல்லை. கடைசியில், கூரை போட்ட கார் நிறுத்தும் இடம். எங்களிடம் கார் இல்லை, மாமா. அவர் பஸ் ஓட்டுகிறார்.

"இது எதுக்கு?" என்று கேட்டேன்.

"அது இருக்கட்டும்."

"எதுக்குன்னு கேட்கறேன். பஸ்ஸை வீட்டுக்கு ஓட்டிட்டு வரப்போறீங்களா?"

அப்படிக் கேட்டிருக்கக் கூடாது. முகம் மாறிவிட்டது. "ஊரையே ஏத்தி இறக்கறேன். என் வீட்டு வாசல்ல என் வண்டி ஒண்ணு நிக்கணும்னு ஆசைப்படக் கூடாதா?" என்று சொல்லிவிட்டுச் சட்டையை மாட்டிக்கொண்டு போய்விட்டார். வேலைக்கு நேரம்கூட ஆகவில்லை. அதற்குப் பிறகு வீட்டில் நாங்கள் பேசியதெல்லாம் "சாவி எங்கே", "பால் தீர்ந்துபோச்சு". மேலே வீட்டுக்காரர்கூட நடப்பதை நிறுத்திவிட்டுக் காது கொடுத்திருப்பார், என்னடா சத்தத்தையே காணோம் என்று.

ஆனால் நான் சும்மா இருக்கவில்லை. பல் பட்டறையில் மதியச் சாப்பாட்டு நேரத்தில் அந்த டை கட்டியவருக்குப் போன் செய்தேன். இந்த மூன்றையும் எடுத்துவிட்டால் கடன் எவ்வளவு குறையும்? சரியாகப் பத்தில் ஒரு பங்கு. அப்படியானால் தவணை எவ்வளவு குறையும் என்று அவரே ஆரம்பித்தார். குறைய வேண்டாம், தவணை அப்படியே இருக்கட்டும், வருஷம் எவ்வளவு குறையும் என்று கேட்டேன். அவர் தட்டினார். கொஞ்ச நேரம் சத்தமே இல்லை. சிக்னல் போய்விட்டதோ என்று நினைத்தேன்.

"பத்து வருஷம் குறையுது மேடம்" என்றார். அவருக்கே ஆச்சரியம். "தவணை ஒரு டீக்காசு அளவுக்குத்தான் கூடும்."

பத்தில் ஒரு பங்கை எடுத்தால் பத்து வருஷம் போகிறது, மாமா. அம்மா கேட்டிருந்தால் என்ன சொல்லியிருப்பாள் என்று எனக்குத் தெரியும், உங்களுக்கும் தெரியும்.

முப்பது வருஷம் கட்டினால் மூன்று வீடு. இப்போது இருபது வருஷம், முன்பு வாங்க இருந்த கடனுக்கு இரண்டு மடங்கைத் தொடவில்லை. வட்டி ஏறினால் கொஞ்சம் மாறும், அதையும் கேட்டு எழுதி வைத்துக்கொண்டேன். நாயைக் காலி செய்துவிட்டோம். மேனேஜர் இருக்கிறார். அவரை முழுசாகக் கிளப்ப முடியவில்லை. கையில் கொஞ்சம் சேர்ந்தால் வருஷம் ஒரு தவணை கூடுதலாகக் கட்டி அவரையும் கதவுப்பக்கம் நகர்த்தலாம்.

இதை அவரிடம் எப்படிச் சொல்வது என்று யோசித்துக்கொண்டிருந்தேன். அவரே வந்து உட்கார்ந்தார். ஷூவைக்கூடக் கழற்றவில்லை.

"டிப்போவுல வண்டியை நிறுத்திட்டு இறங்கித் திரும்பிப் பார்த்தேன்" என்றார். "வரிசையா நிக்குது. பெரிய பெரிய வண்டி. காலையில என் கை பட்டாத்தான் அது கிளம்பும். எனக்கு நிறுத்த இடம் ஏற்கனவே இருக்குல்ல?"

டை கட்டியவர் சொன்னதை எழுதிய சீட்டை அவர் முன்னால் வைத்தேன். படித்தார். மறுபடி படித்தார். எழுந்துபோய் பிரிட்ஜ்மேல் இருந்த அம்மாவைக் கொஞ்சம் உள்ளே தள்ளி வைத்துவிட்டு வந்தார்.

"ஐம்பது வயசுல முடிஞ்சுடும்" என்றார். "அறுபதுன்னா எனக்குப் பயமா இருந்துச்சு. உன்கிட்ட சொல்லல."

கார் நிறுத்தும் இடத்தை எடுத்துக்கொள்ள இன்னொரு குடும்பம் தயாராக இருக்கிறது, அவர்களுக்கு இரண்டு கார். கட்டடக்காரர் முனகிவிட்டு ஒப்புக்கொண்டார். சமையலறையில் அலமாரிக்குப் பதில் இப்போது இருக்கிற பழைய இழுப்பறைகள்தான். இழுத்தால் ஊருக்கே கேட்கும். கேட்கட்டும், மேலே வீட்டுக்காரர் இல்லை.

தொகையும் வருஷமும் மாறியதால் பழைய ஜாமீன் செல்லாதாம். புதுப் படிவம் இதோடு வருகிறது. இருபது வருஷம். எழுபத்தெட்டு வரை இருந்தால் போதும், முட்டைக்கரு சாப்பிடலாம். பத்தாம் தேதிக்கு முன்னால் வந்துசேர வேண்டும், அதனால் கூரியரில் அனுப்புங்கள். மஞ்சள் சீட்டு ஒட்டாத இடத்தில் தயவுசெய்து போட வேண்டாம்.

இன்னொன்று. கோபத்தில் என்னென்னவோ எழுதிவிட்டேன். நீங்கள் எப்போதும் பத்து மடங்கு ஏற்றிச் சொல்கிறவராக இல்லாவிட்டால், உங்களைப் பொய்யாக்க நான் வங்கிக்குப் போய்க் கேட்டிருக்கமாட்டேன். ஆனாலும் ஒரே ஒரு தடவை, வகுக்கவேண்டிய அவசியமே இல்லாத ஒரு கடிதம் உங்களால் எழுத முடியுமா? சின்னதாக இருந்தாலும் பரவாயில்லை.

உங்கள் மருமகள்


பிப்ரவரி 6

மருமகளுக்கு,

கையெழுத்துப் போட்டுவிட்டேன். சீட்டு ஒட்டிய இடங்களில் மட்டும்.

இதோடு ஒரு சின்னப் பொட்டலம் இருக்கும். ஓர் ஆணி. கடையில் வாங்கியது, சாதாரண ஆணி. படத்தின் கனத்துக்கு அது போதும் என்று கடைக்காரர் சொன்னார். மாப்பிள்ளையை அடிக்கச் சொல். அடிக்கும்போது எனக்குப் போன் பண்ணுங்கள். நான் பேசமாட்டேன், சத்தம் மட்டும் கேட்கிறேன்.

எனக்குச் சந்தோஷமாக இருக்கிறது.

இதை வகுக்காதே.

மாமா